ஒன்பது தடவை செத்து எழுந்த கோமதி மாமி

செய்தி வந்தபோது நான் சிரித்தேன். இதை முதலிலேயே சொல்லிவிடுவது நல்லது. மறைத்து வைத்துக்கொண்டு நல்ல பிள்ளையாக அஞ்சலி எழுதினால் மாமியே வந்து என் காதைத் திருகுவார்.

காலை எட்டரை மணி இருக்கும். கிழக்கேகோட்டையில் நான் வேலை பார்க்கும் மொபைல் சர்வீஸ் கடையின் ஷட்டரைத் தூக்கிக்கொண்டிருந்தேன். எங்கள் குரூப்பில் மாமியின் எண்ணிலிருந்து ஒரு வரி வந்தது. "கோமதி இன்று காலை காலமானாள். இப்படிக்கு, தங்கை லலிதா." அந்தக் குரூப்பில் மொத்தமே மூன்று பேர்தான். கோமதி மாமி, ஒலிப்பதிவு செய்யும் பினு, அப்புறம் நான். நான் உடனே பதில் போட்டேன்: "மாமி, சொந்தத் தங்கச்சி பேரையெல்லாம் இழுக்காதீங்க. மத்தபடி டேக் ஓகே." பினு தன் பங்குக்குச் சிரித்து உருளும் பொம்மை முகங்கள் நான்கைத் தட்டிவிட்டான்.

எங்களைத் திட்டுவதற்கு முன்னால் ஒன்று கேளுங்கள். நாங்கள் எடுக்கும் ஒவ்வொரு பேய்ப்படத்தையும் வெளியே விடுவதற்கு முன்பு, அதில் சாகிறவருக்காக இப்படி ஒரு சாவுச் செய்தி எழுதுவது மாமியின் வேலை. இருபத்தைந்து வருஷம் அரசாங்க ஆபீசில் நோட் எழுதிய கை, அதனால் செய்தி கச்சிதமாக இருக்கும். முதலில் எங்கள் குரூப்பில் தன் பெயரிலேயே எழுதிக் காட்டுவார், வெளியே போகும்போது பெயரை எடுத்துவிடுவோம். போன படத்துக்கு "ஆழ்ந்த துயரத்துடன், மைத்துனர்" என்று கையெழுத்துப் போட்டிருந்தார். மாமிக்குக் கல்யாணமே ஆகவில்லை, மைத்துனருக்கு எங்கே போவது? அதனால்தான் இதுவும் புதுப் படத்துக்கான செய்தி என்று நினைத்துவிட்டோம்.

ஐந்து நிமிஷத்தில் அதே எண்ணிலிருந்து போன் வந்தது. "சொல்லுங்க மாமி" என்றேன்.

"மாமி இல்லை, நான் லலிதா. நீங்க யாரு? என்னது டேக்?" என்றது ஒரு கரகரத்த குரல். பின்னால் யாரோ அழுதுகொண்டிருந்தார்கள்.

ஆபீசுக்குப் புறப்பட்டுக்கொண்டிருந்தவர் நெஞ்சைப் பிடித்துக்கொண்டு நாற்காலியில் உட்கார்ந்தாராம். அவ்வளவுதான். ஐம்பத்து நான்கு வயது. நான் போனைக் காதில் வைத்தபடியே பாதி தூக்கிய ஷட்டருக்குக் கீழே உட்கார்ந்துவிட்டேன்.

இதைப் படிக்கும் உங்களில் பலருக்குக் கோமதி என்ற பெயரே புதிதாக இருக்கும். ஆனால் அவரை உங்களுக்குத் தெரியும். யாரோ பென்டிரைவில் கொடுத்தும், மூடிய குரூப்புகளில் சுற்றியும், ஞாயிற்றுக்கிழமை மதியம் ட்யூட்டோரியல் ஹாலில் ஜன்னல்களை அடைத்துப் படுக்கைவிரிப்பைத் திரையாகக் கட்டியும் நீங்கள் பார்த்த அந்த ஒன்பது படங்களில், சரி, நீங்கள் பார்த்தது எட்டுதான், அந்த எட்டிலும் கடைசியில் செத்துப்போகும் பெண்மணி அவர்தான். நாங்கள் எடுப்பது, யாரோ ஒருவர் தன் போனில் எடுத்து வைத்துவிட்டுக் காணாமல் போய், பிறகு அந்தப் போன் மட்டும் கிடைத்ததாகச் சொல்லிக்கொள்ளும் பேய்ப்படம். பாட்டு கிடையாது, பின்னணி இசை கிடையாது, பெயர்களும் கிடையாது. "பேர் போட்டா யாருடா பயப்படுவா? அதோட ஆபீஸ்ல மெமோ வேற வரும்" என்பார் மாமி. அதனால் ஏழு வருஷமாக அவர் உங்களுக்கு "அந்தம்மா"வாகவே இருந்தார்.

எங்கள் கடைக்கு அவர் வந்தது உடைந்த திரையை மாற்றத்தான். என் மேஜையில் நான் எடுத்த முதல் படம் ஓடிக்கொண்டிருந்தது. அதில் ஒரு பெண் வீடு இடியும்படி கத்துவாள். எனக்கு அதில் ரொம்பப் பெருமை. காத்திருந்த மாமி எட்டிப் பார்த்துவிட்டுச் சிரித்தார். எனக்குச் சுள்ளென்று வந்தது.

"என்ன சிரிப்பு மாமி?"

"இந்தப் பொண்ணு ஏன் இப்படிக் கத்தறா? கத்தறதுக்குத் தெம்பு இருக்கறவளுக்கு என்ன பயம்?"

"பயந்தா பின்னே என்ன பண்ணுவாங்களாம்?"

மாமி கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு, மேஜையில் கிடந்த ஒரு போனை எடுத்து முகத்துக்கு நேரே பிடித்தார். ஒன்றும் செய்யவில்லை. மூச்சு மட்டும் விட்டார். உள்ளே போன மூச்சு வெளியே வர யோசித்தது. பிறகு கண் மட்டும் மெல்ல என் தோளுக்குப் பின்னால் போய் நின்றது. சார்ஜர் வாங்க வந்த ஆள் ஒருவர் திரும்பிப் பார்த்துவிட்டு, சார்ஜரை வாங்காமலே இறங்கிப் போனார். நானும் திரும்பிப் பார்த்தேன் என்பதைச் சொல்லிக்கொள்ள வெட்கமாகத்தான் இருக்கிறது. "நிஜமா பயந்தா சத்தமே வராது, முருகா. சத்தம் வந்துட்டா பாதி பயம் போயிடும்" என்றார். பில்லில் என் பெயர் எழுதியிருந்ததைப் பார்த்து வைத்திருக்கிறார்.

நடிக்க வருகிறீர்களா என்று கேட்க எனக்கு மூன்று நாள் ஆனது. சரி என்று சொல்ல அவருக்கு மூன்று நிமிஷம்கூட ஆகவில்லை. ஒரே ஒரு நிபந்தனை: ஞாயிற்றுக்கிழமை மட்டும், அதுவும் சாயங்காலம் ஆறு மணி பஸ்ஸைப் பிடிக்கிற மாதிரி. "ஆறுக்கு மேல பேய் வேணும்னா வேற ஆளப் பாரு. லலிதா தனியா இருப்பா." வீட்டில் பஜனைக்குப் போவதாகச் சொல்லிவிட்டு வருவார். திரும்பும்போது வழியில் உண்ணியப்பம் என்னும் இனிப்புப் பணியாரம் வாங்கிக்கொள்வார். பட்டப்பகலில் என்ன பேய்ப்படம் எடுப்பது என்று நான் தலையில் அடித்துக்கொண்டேன். பிறகு நீங்கள்தான், வெயில் அடிக்கும்போதே உடம்பு சில்லிட வைக்கும் படங்கள் என்று எங்களைப் புகழ்ந்து தள்ளினீர்கள். எல்லாப் புகழும் ஆறு மணி பஸ்ஸுக்கே.

மாமியோடு எடுத்த முதல் படத்துக்குப் பொன்முடி மலைக்குப் போனோம். வளைவுக்கு வளைவு பினு வாந்தி எடுத்தான். மாமி ஜன்னலோரம் உட்கார்ந்து வேர்க்கடலை கொறித்துக்கொண்டு வந்தார். தேயிலைத் தோட்டத்தில் ஆள் இல்லாத பழைய லயத்து வீடுகளுக்கு முன்னால் அவர் ஓடிவந்து விழுந்து சாக வேண்டும். பகல் பதினொரு மணிக்கு மஞ்சு இறங்கி, பத்தடிக்கு அப்பால் ஒன்றும் தெரியவில்லை. என் போனை அவர் கையில் கொடுத்து ஓடச் சொன்னேன். ஓடினார், விழுந்தார், கிடந்தார். அந்தக் கிடப்பைப் பார்த்து எனக்கே இது சினிமா என்பது மறந்துபோனது. கட் சொல்லத் தோன்றவில்லை.

அப்போது மஞ்சுக்குள்ளிருந்து கொழுந்துக் கூடையோடு ஒரு தோட்டத் தொழிலாளிப் பெண் ஓடிவந்தார். "அய்யோ தாயி!" என்று கூடையைப் போட்டுவிட்டு, தன் தூக்குவாளித் தண்ணீரை முழுக்க மாமியின் முகத்தில் ஊற்றிவிட்டார். மாமி துள்ளி எழுந்து உட்கார்ந்தார். சினிமாதான் என்று விளக்கிச் சொன்னதும் அந்த அம்மாவுக்கு வந்ததே கோபம்! எங்களை விட்டுவிட்டு மாமியைப் பிடித்துக்கொண்டார்.

"செத்தவ மாதிரி கெடந்துட்டு சும்மா எந்திரிச்சுப் போவலாமா? பேரச் சொல்லு. ஊரச் சொல்லு. நாளைக்கு என்ன சோலி இருக்குன்னு சொல்லு."

முகத்தில் தண்ணீர் சொட்டச் சொட்ட மாமி பள்ளிக்கூடப் பிள்ளையாக ஒப்பித்தார்: "கோமதி. ஸ்ரீவராகம். நாளைக்கு ஆபீஸ் உண்டு."

"ம். நாளைக்கு சோலி இருக்கவள ஒண்ணும் அண்டாது. இனி போ" என்று சொல்லிவிட்டு அந்த அம்மா கூடையை எடுத்துக்கொண்டு மஞ்சுக்குள் நடந்தார். மாமிக்குச் சிரிப்பு தாங்கவில்லை. போன் அவர் கையிலேயே ஓடிக்கொண்டிருந்ததால் சிரிப்பு, குலுக்கல், எல்லாம் பதிவாகிவிட்டது.

அன்று முதல் அது எங்கள் வழக்கமாகிவிட்டது. எந்தப் படமானாலும், கடைசிச் சாவு டேக் முடிந்ததும் கேமரா நிற்கக் கூடாது. மாமி எழுந்து, லென்ஸைப் பார்த்து, பேர், ஊர், நாளைய வேலை மூன்றையும் சொல்லிச் சிரித்த பிறகுதான் நிறுத்தலாம். எனக்குச் சாமியும் கிடையாது, சகுனமும் கிடையாது. ஆனாலும் எட்டுப் படம்வரை மீறியதில்லை. "கோமதி. ஸ்ரீவராகம். நாளைக்கு தோசைக்கு அரைக்கணும்." "கோமதி. ஸ்ரீவராகம். நாளைக்கு ஆடிட் பார்ட்டி வரது, அதுக்கு இந்தப் பேயே தேவலை." படத்தில் இதெல்லாம் வராது. வெட்டி எடுத்துத் தனியாக வைத்துக்கொள்வேன்.

படங்கள் பரவியதும் வேடிக்கைகள் தொடங்கின. ஒருநாள் ஆபீசுக்குப் போகும் பஸ்ஸில் கண்டக்டர் டிக்கெட் மெஷினைக் கையில் வைத்துக்கொண்டு மாமியையே பார்த்து நின்றுவிட்டாராம். இரண்டு ஸ்டாப் கடந்துவிட்டது, மணி அடிக்கவில்லை, இறங்க வேண்டியவர்கள் கத்துகிறார்கள். கடைசியில் மெதுவாகக் குனிந்து, "சேச்சி மரிச்சதல்லே?" என்று கேட்டிருக்கிறார். மாமி மலையாளத்திலேயே, "அது கழிஞ்ஞ மாசம். இன்னு ஆபீஸ் உண்டு" என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனாராம். போன மாசம் செத்தேன், இன்றைக்கு ஆபீஸ் இருக்கிறது என்று! இதை எங்களிடம் சொல்லும்போது அவர் முகத்தில் இருந்த சந்தோஷத்தைப் பார்க்க வேண்டுமே. விருது கொடுத்திருந்தால்கூட அவ்வளவு சந்தோஷப்பட்டிருக்க மாட்டார்.

வேலை என்று வந்தால் மாமி பொல்லாதவர். ஒரு படத்தில் போன் அவர் கையில் இருப்பது பார்ப்பவர்களுக்குத் தெரிந்தால் போதும், அதில் பதிவு ஓட வேண்டிய அவசியமில்லை. அணைந்து கிடந்த பழைய போன் ஒன்றைக் கொடுத்தேன். ஒரு டேக் நடித்தார், இரண்டு டேக் நடித்தார், பிறகு என்னிடம் கொண்டுவந்து நீட்டினார். "ஓடற போனைக் குடு. ஓடாத கேமராவைப் பிடிச்சா என் கை பொய் சொல்றது." யாருக்குத் தெரியப் போகிறது என்று முணுமுணுத்தேன். "எனக்குத் தெரியும், அது மதி, அதுவே போதும்" என்றார். அதற்குப் பிறகு அவர் கையில் ஓடாத போன் ஒன்று இருந்ததே இல்லை. இதை நீங்கள் கொஞ்சம் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். நான் வைத்துக்கொள்ளவில்லை.

ஒன்பதாவது படத்தை மணக்காட்டில் பூட்டிக் கிடந்த ஒரு டியூஷன் சென்டரில் எடுத்தோம். மாமி அதில் கணக்கு டீச்சர். தன் போனைக் கையில் பிடித்தபடி பெஞ்சுகளுக்கு நடுவே ஓடி, கரும்பலகைக்குக் கீழே விழ வேண்டும். பின்னால் துரத்தி வரும் நான் என் போனில் எடுக்கிறேன். அவர் கையில் இருந்தது அவருடைய சொந்தப் போன். சும்மா பிடித்தால் போதும் என்று சொல்லியிருந்தேன். பிரமாதமான டேக். விழுந்தார், அசையாமல் கிடந்தார், நான் மூச்சைப் பிடித்துக்கொண்டு நெருங்கினேன். என் போனில் இடமில்லை என்று செய்தி வந்து பதிவு நின்றுவிட்டது.

நாள் முழுக்க ஊரார் போன்களைச் சரிசெய்கிறவன் தன் போனைக் காலி செய்து வைத்துக்கொள்ளாமல் படம் எடுக்கப் போனால் எப்படி இருக்கும்! என்மேலேயே எரிந்துகொண்டு பழைய வீடியோக்களை அழித்துக்கொண்டிருந்தேன். மாமி எழுந்து புடவையைத் தட்டிக்கொண்டு ஏதோ சொன்னார், சிரித்தார். நான் காதில் வாங்கவில்லை. சென்டரைப் பூட்டுவதற்குச் சாவிக்காரர் வேறு வாசலில் வந்து நின்றுவிட்டார். "மாமி, எழுந்திருக்கறது எடுக்கலையே" என்றேன். "போகட்டும் விடு, மணி அஞ்சே முக்கால்" என்று செருப்பை மாட்டிக்கொண்டு ஓடினார். மூன்று வாரத்தில் அந்தச் செய்தி வந்தது.

அன்று ஸ்ரீவராகத்துக்கு நானும் பினுவும் போனோம். மாமி கூடத்தில் கிடத்தப்பட்டிருந்தார். அந்தக் கிடப்பை நான் ஒன்பது தடவை பார்த்திருக்கிறேன், அதுதான் தாங்க முடியவில்லை. எழுந்து பேரைச் சொல்லுங்கள் மாமி, ஊரைச் சொல்லுங்கள், நாளைக்கு என்ன வேலை இருக்கிறது என்று சொல்லுங்கள் என்று மனசு கிடந்து அடித்துக்கொண்டது. எட்டு தடவை சொல்ல வைத்தேன், ஒன்பதாவது தடவை விட்டுவிட்டேன். நான் பிடித்து வைக்காததால்தான் போய்விட்டாரோ என்று ஒரு பைத்தியக்கார நினைப்பு. பினு, "எடா, அது ஹார்ட் அட்டாக்டா" என்று தோளைப் பிடித்து உலுக்கினான். எனக்கும் தெரியும். தெரிந்து என்ன? பத்து நாள் சோறு இறங்கவில்லை. லலிதா மாமி அன்று எங்களைப் பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார். அக்கா செத்ததற்கு டேக் ஓகே என்று எழுதியவனிடம் என்ன பேசுவார்?

பதினோராம் நாள் அவரே கூப்பிட்டார். "டேக் ஓகேன்னு போட்டது நீங்கதானே? ஒரு நடை வந்துட்டுப் போங்கோ."

நன்றாக வாங்கிக் கட்டிக்கொள்ளத் தயாராகத்தான் போனேன். உட்காரச் சொல்லி, காப்பியைக் கையில் கொடுத்து, மாமியின் போனை எனக்கு முன்னால் வைத்தார்.

"கோமுவோட போட்டோ தேடிண்டிருந்தேன். இது ஆப்பட்டது. இது என்னன்னு நீங்க சொல்லணும்."

திரையில் பெஞ்சுகள் குலுங்கின. மூச்சு. அந்த மூச்சு! மணக்காட்டு டியூஷன் சென்டர். சும்மா பிடித்தால் போதும் என்று நான் சொன்ன போன் ஓடிக்கொண்டிருந்திருக்கிறது. செத்துப்போன போன்களிலிருந்து வீடியோ எடுத்துக் கொடுத்துப் பிழைக்கிறவன் நான். இந்த உயிருள்ள போனைத் திறந்து பார்க்க எனக்குத் தோன்றவில்லை.

"இவ ஓடறா, விழறா, அப்புறம் சத்தமே இல்லை. மேலே ஃபேன் மட்டும் தெரியறது. எனக்கு உசிரே போயிடுத்து கேட்டேளா? எவனோ அவளைக் கொன்னுட்டான்னே நினைச்சேன்" என்றார் லலிதா மாமி. "பின்னே இதைப் பாருங்கோ."

ஃபேனை மறைத்துக்கொண்டு மாமியின் முகம் வந்தது. மூக்கில் சாக்பீஸ் தூள். பின்னால் எங்கேயோ நான் என் போனைத் திட்டிக்கொண்டிருப்பது கேட்கிறது. மாமி என் பக்கம் ஒருமுறை பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"கோமதி. ஸ்ரீவராகம். நாளைக்கு லலிதாவை கண்ணாடிக் கடைக்குக் கூட்டிண்டு போகணும். பேப்பரை மூக்குல ஒட்டிண்டு படிக்கறா, கேட்டா கண்ணு நன்னா இருக்காம்." அப்புறம் அந்தச் சிரிப்பு.

நிமிர்ந்து பார்த்தேன். லலிதா மாமி புதுக் கண்ணாடி போட்டிருந்தார். "இதுதான்" என்று அதைத் தொட்டுக் காட்டினார். "மறுநாளே லீவு போட்டுட்டுக் கூட்டிண்டு போயிட்டா." என்னால் அதற்கு மேல் முடியவில்லை. காப்பியைக் கீழே வைத்துவிட்டு அழுதேன். அவர் அழவில்லை, என் முதுகில் இரண்டு தட்டு தட்டினார்.

பிறகு எல்லாவற்றையும் சொன்னேன். பேய்ப்படம் என்றதும் கையைக் கன்னத்தில் வைத்துக்கொண்டார். "ஏழு வருஷமா பஜனைன்னு சொல்லிண்டு போனாளே! பிரசாதம்னு சொல்லி உண்ணியப்பம் வேற குடுப்பா, நானும் கண்ணுல ஒத்திண்டு சாப்பிடுவேன்!" சொல்லும்போதே சிரிப்பு வந்துவிட்டது அவருக்கு. அக்காவின் சிரிப்பேதான். என் போனில் இருந்த எட்டையும் போட்டுக் காட்டினேன், சாவுகளை அல்ல, எழுந்திருத்தல்களை மட்டும். ஒவ்வொரு "நாளைக்கு" வரும்போதும், "ஆமாம், அன்னிக்கு அரைச்சா", "ஆமாம், ஆடிட் வந்தது" என்று சரிபார்த்துக்கொண்டே வந்தார். சொன்ன ஒரு வேலையையும் மாமி செய்யாமல் விடவில்லை.

"இது ஏன் படத்துல வரல?" என்று கேட்டார்.

"வந்தா பயம் போயிடும் மாமி."

லலிதா மாமி கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மறுபடி மாட்டிக்கொண்டார். "போகட்டுமே" என்றார்.

நண்பர்களே, ஒன்பதாவது படம் இந்த மாதம் உங்களிடம் வந்து சேரும். கடைசியில் அந்தம்மா செத்துக் கிடப்பார், ஃபேன் சுற்றும், திரை இருளும் என்று காத்திருப்பீர்கள். இருளாது. அவர் எழுந்து தன் பெயரைத் தானே சொல்வார். இப்படி ஒரு படத்தின் முடிவு கெட்டுப்போகிறதே என்று உங்களில் சிலர் கோபப்படுவீர்கள். நன்றாகப் படுங்கள்.

மாமியிடமிருந்து என்னிடம் இருப்பவை ஒன்பது எழுந்திருத்தல்களும் ஒரு பழக்கமும். எதை முடித்தாலும் அந்த மூன்றையும் சொல்லாமல் இப்போது என்னால் இடத்தைவிட்டு நகர முடிவதில்லை. இதையும் எழுதி முடித்துவிட்டேன். முருகன். கிழக்கேகோட்டை. நாளைக்கு லலிதா மாமியை முதல் ஆளாக உட்கார வைத்துப் படத்தைப் போட்டுக் காட்ட வேண்டும். உண்ணியப்பம் வாங்கிக்கொண்டு வருவதாகச் சொல்லியிருக்கிறார்.